உண்மையில் வாழ்ந்த ஒருவரை வைத்துச் சரித்திர நாவல் எழுத ஆசை. எங்கிருந்து தொடங்குவது, கற்பனை எவ்வளவு சேர்க்கலாம்?

பெரும்பாலும் ராஜராஜனையோ ராஜேந்திரனையோ மனதில் வைத்துத்தான் இதைக் கேட்டிருப்பீர்கள். தமிழில் இந்த ஆசை வருகிறவர்களில் பத்துக்கு எட்டுப் பேர் சோழர் வாசலில்தான் போய் நிற்கிறார்கள். முதல் நாவலுக்கு அது வேண்டாம். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டு, ஒரு நந்தா விளக்குக்கு 96 ஆடு, நாளொன்றுக்கு ஓர் உழக்கு நெய் என்று கணக்கைத் துல்லியமாகச் சொல்லும். ராஜராஜன் யாரிடம் எரிந்து விழுவார், எதற்குப் பயப்படுவார் என்று அதில் ஒரு வரி கிடையாது. அந்த மனிதரை முழுக்க நீங்களேதான் செய்ய வேண்டும். செய்த பிறகு அவர் உங்கள் ராஜராஜன். பெயர் மட்டும் வரலாற்றிலிருந்து வாங்கியது. அப்படி எழுதக் கூடாது என்று சொல்லவில்லை. ஆனால் நீங்கள் கேட்ட "உண்மையில் வாழ்ந்த ஒருவரின் நாவல்" அதுவல்ல என்பது என் கருத்து.

காகிதம் நிறைய விட்டுப்போன ஒருவரை எடுங்கள். என்னைக் கேட்டால் ஆனந்தரங்கப் பிள்ளை. 1709-ல் பெரம்பூரில் பிறந்து, புதுச்சேரிக்குப் போய், 1742 முதல் 1754 வரை பிரெஞ்சு கவர்னராக இருந்த டூப்ளேவின் தலைமைத் துபாசியாக, அதாவது மொழிபெயர்த்து நடுவில் நின்று பேசும் தரகராக உயர்ந்தவர். 1736 செப்டம்பர் 6-ல் தொடங்கி 1761 ஜனவரியில் சாகும் வரை தமிழில் தினசரிக் குறிப்பு எழுதினார். அவர் இறந்த சில நாளில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. இருபத்து நாலு வருஷத்துக்கு மேல் ஒரு வியாபாரி கண்டது, கேட்டது, சரக்கு விலை, ஜாதகம், கப்பல் வரவு, பொறாமை எல்லாம் அவர் வாயாலேயே கிடைக்கிறது. சென்னை அரசு 1904 முதல் 1928 வரை 12 தொகுதிகளாக ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டது. தமிழ் மூலமும் புதுச்சேரியிலிருந்து 1948 முதல் தொகுதிகளாக வந்திருக்கிறது. இரண்டையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். உரையாடல் எழுதும்போது ஆங்கிலத்திலிருந்து திருப்பித் தமிழாக்கினால் பிள்ளை சீமைக் கனவான் மாதிரி பேசுவார். மூலத்தைத் திறந்து அவர் வாக்கியம் எப்படி ஓடுகிறது என்று கேட்டுவிட்டு எழுதுங்கள்.

முழு வாழ்க்கையையும் எழுதாதீர்கள். ஐம்பது வருஷத்தை 400 பக்கத்தில் அடக்கினால் கிடைப்பது நாவல் ஆகாது, பள்ளிப் பாடம் ஆகும். மூன்று வருஷம் போதும். 1746 பிப்ரவரியில் முந்தைய துபாசி கனகராய முதலியார் இறக்கிறார், நாற்காலி காலியாகிறது. அதே வருஷம் செப்டம்பரில் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லா பூர்தொனே ஆங்கிலேயரிடமிருந்து சென்னைப்பட்டணத்தைப் பிடிக்கிறார். 1748-ல் ஆங்கிலேயக் கடற்படைத் தளபதி பாஸ்கவன் புதுச்சேரியை முற்றுகையிடுகிறார், ஊருக்குள் வேதபுரீஸ்வரர் கோயில் இடிபடுகிறது, அக்டோபரில் முற்றுகை விலகுகிறது. தொடக்கமும் முடிவும் வரலாறே போட்டுக் கொடுத்துவிட்டது.

ஒரு வரி எழுதும் முன் நாள் அட்டவணை போடுங்கள். ஒரு நிகழ்ச்சிக்கு ஒரு வரிசை. ஐரோப்பியத் தேதி, தமிழ் வருஷம், மாதம், நாள், கிழமை, இடம், அங்கே இருந்தவர்கள், எந்த ஆவணம், எந்தப் பக்கம் என்று தனித்தனிக் கட்டம். கடைசிக் கட்டத்தில் மூன்றில் ஒரு குறி: ஆவணத்தில் இருப்பது, ஆவணத்திலிருந்து ஊகித்தது, நீங்கள் செய்தது. புத்தகம் முடிந்தபின் இந்தக் கடைசிக் கட்டம்தான் உங்களைக் காப்பாற்றும்.

இந்த அட்டவணையில் எல்லோரும் சறுக்கும் இடம் தேதி. பிரெஞ்சுக்காரர்கள் அப்போதே இன்றைய நாட்காட்டியில் இருந்தார்கள். ஆங்கிலேயர் 1752 செப்டம்பர் வரை பழைய நாட்காட்டியை விடவில்லை. 11 நாள் பின்தங்கியிருந்தார்கள். சென்னைக் கோட்டை விழுந்தது பிரெஞ்சுக் கணக்கில் 1746 செப்டம்பர் 21, ஆங்கிலக் கணக்கில் செப்டம்பர் 10. இரண்டு ஆவணத்தையும் அப்படியே எடுத்துப் போட்டால் உங்கள் நாவலில் கோட்டை இரண்டு தடவை விழும். போதாததற்கு, அந்தக் கால ஆங்கிலேயருக்கு வருஷம் பிறப்பது மார்ச் 25-ல். அவர்கள் ஏட்டில் "1746 பிப்ரவரி" என்று இருந்தால் பல சமயம் நம் கணக்கில் அது 1747. இதில் கைகொடுப்பது கிழமை ஒன்றுதான். நாட்காட்டி எதுவானாலும் கோட்டை விழுந்த நாள் புதன்கிழமை. ஆகவே கிழமைக் கட்டத்தைக் காலியாக விடாதீர்கள். இரண்டு ஆவணத்தில் கிழமை ஒத்துவரவில்லை என்றால் எங்கேயோ மாற்றிப் போட்டிருக்கிறீர்கள்.

தமிழ்த் தேதியிலும் ஒரு குழி இருக்கிறது. பிள்ளையின் முதல் குறிப்பு நள வருஷம் ஆவணி 25, வியாழக்கிழமை. அது செப்டம்பர் 6. இன்றைய காலண்டரைப் பார்த்துக் கணக்குப் போட்டால் ஆவணி 25 என்பது செப்டம்பர் 10 வாக்கில் வரும். நாலு நாள் எங்கே போனது? நம் சூரிய வருஷம் ஐரோப்பிய வருஷத்தைவிடச் சில நிமிஷங்கள் நீளம். ஏறக்குறைய அறுபது, எழுபது வருஷத்துக்கு ஒரு நாள் தள்ளிப்போகும். 1740-களில் சித்திரை முதல் நாள் ஏப்ரல் 9, 10 வாக்கில் பிறந்தது. ஏப்ரல் 14 என்று எழுதிவிட்டால், விவரம் தெரிந்தவர் முதல் அத்தியாயத்திலேயே புத்தகத்தை மூடிவிடுவார்.

நேரத்துக்கு நாழிகையைப் பயன்படுத்துங்கள், ஆனால் கணக்கோடு. ஒரு நாழிகை 24 நிமிஷம், ஏழரை நாழிகை ஒரு சாமம். பகலில் சூரிய உதயத்திலிருந்து எண்ணுவார்கள், இரவில் அஸ்தமனத்திலிருந்து. பத்து நாழிகை என்றால் காலை பத்து மணி சுமார். ராத்திரி பத்து நாழிகை என்றால் இரவு பத்து. தொகைகளை வராகன், பணம், ரூபாய் என்று அந்தக் கால நாணயப் பெயரிலேயே விடுங்கள். சென்னையைத் திருப்பித் தர லா பூர்தொனே பேசிய தொகை 11 லட்சம் வராகன். "இன்றைய மதிப்பில் இத்தனை கோடி" என்று அடைப்புக்குறியில் போடாதீர்கள். அது பொய்க் கணக்கு, காட்சியையும் கெடுக்கும். அந்தத் தொகையைக் கேட்டவர்கள் முகம் எப்படிப் போனது என்று எழுதினால் மதிப்பு தானாகத் தெரியும்.

இடத்தைப் பார்க்கப் புதுச்சேரிக்குப் போவீர்கள். போங்கள், பிள்ளையின் வீடு இன்னும் இருக்கிறது. ஆனால் வெள்ளைக்காரத் தெருக்களைப் பார்த்து மயங்க வேண்டாம். 1761-ல் ஆங்கிலேயர் கோட்டையையும் நகரத்தையும் தரைமட்டமாக்கினார்கள். 1765-க்குப் பிறகு பிரெஞ்சுக்காரர்கள் திரும்பவும் கட்டியதுதான் இன்று நிற்பதில் பெரும்பகுதி. பிள்ளை தினம் போய்வந்த கோட்டை இருந்த இடத்தில் இப்போது பாரதி பூங்கா. அதன் நடுவில் நிற்கும் ஆயி மண்டபம் 19-ம் நூற்றாண்டு. துறைமுகமும் அப்போது கிடையாது. கப்பல் கடலில் தள்ளி நங்கூரம் போடும். ஆளும் சரக்கும் சலங்கு என்ற படகில் ஏறி அலையைத் தாண்டித்தான் கரைக்கு வரவேண்டும். ஐப்பசி, கார்த்திகையில் இந்தக் கரையில் கப்பல் நிறுத்துவது உயிரோடு விளையாட்டு. சென்னையைப் பிடித்த லா பூர்தொனேயின் கப்பல்கள் 1746 அக்டோபர் புயலில்தான் நொறுங்கின. ஆகவே நவம்பரில் உங்கள் பாத்திரம் நிதானமாகக் கப்பலேறினால் தப்பு. சாப்பாட்டில் தக்காளி, உருளைக்கிழங்கு வேண்டாம். மிளகாய் இருக்கலாம்.

யார் யாரிடம் எந்த மொழியில் பேசினார்கள் என்று காட்சிக்குக் காட்சி முடிவு செய்யுங்கள். டூப்ளேவுக்குத் தமிழ் தெரியாது. அவர் மனைவி ழான் புதுச்சேரியிலேயே பிறந்தவள், தமிழ் பேசுவாள். கரையோர வியாபாரத்தில் போர்த்துக்கீசு பொதுமொழி. கவர்னரிடம் பேசத் துபாசி வேண்டும். கவர்னர் மனைவியிடம் ஊரில் யார் வேண்டுமானாலும் நேரே போய்ப் பேசலாம். பிள்ளைக்கு அவள்மேல் அவ்வளவு கசப்பு வரக் காரணங்கள் பல உண்டு. அவருடைய பிழைப்பே நடுவில் நின்று பேசுவதில் இருந்தது என்பதையும் அதில் சேர்த்துப் பாருங்கள். இது என் ஊகம், ஆவணம் இப்படிச் சொல்லவில்லை. அட்டவணையில் இரண்டாவது குறி போட வேண்டிய இடத்துக்கு இதுவே உதாரணம்.

நாட்குறிப்பு இருக்கிறதே என்று பிள்ளை சொன்னதையெல்லாம் வேதவாக்காக எடுத்துக்கொள்வது அடுத்த பெரிய ஆபத்து. அவர் சாட்சி மட்டும் இல்லை, கட்சிக்காரர். பதவிக்குப் போட்டி போட்டவர், பாதிரிமாரோடு மோதியவர், சாதி அபிமானம் உள்ளவர். 1748 செப்டம்பரில், முற்றுகைக்கு நடுவே, சம்பா கோயில் என்கிற மாதா கோயிலை ஒட்டியிருந்த வேதபுரீஸ்வரர் கோயிலை இடித்ததை அவர் வேதனையோடு எழுதுகிறார். மதாமையும், அதாவது டூப்ளேவின் மனைவியையும், பாதிரிமாரையும் குற்றம் சொல்கிறார். அந்தக் காட்சியை நீங்கள் எழுதும்போது அவர் அன்றைக்கும் கவர்னரின் ஆள், மறுநாளும் வேலைக்குப் போனவர் என்பதை மறைக்கக் கூடாது. அவரை அழவைத்துத் தியாகி ஆக்கினால் வாசகர் கைதட்டுவார். அந்த மனிதர் காணாமல் போவார். அவர் என்ன நினைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தார் என்பது எந்த ஏட்டிலும் இல்லை. அங்கே எழுதுங்கள், தாராளமாக.

கற்பனைக்கு இடம் அப்படிப்பட்ட வெற்றிடங்கள்தான். நாட்குறிப்பில் நாள் கணக்கிலும் மாதக் கணக்கிலும் விடுபட்ட பகுதிகள் உண்டு. அவற்றை முதலிலேயே பட்டியல் எடுத்து வையுங்கள். நீங்கள் உருவாக்கும் பாத்திரங்களைக் கீழ்த்தட்டில் வையுங்கள்: பல்லக்குத் தூக்குகிறவன், சலங்குக்காரன், பண்டகசாலைக் கணக்கன். அவர்கள் பார்க்கலாம், ஒளிந்து கேட்கலாம், ஒரு கடிதத்தை ஒரு நாள் தாமதப்படுத்தலாம். ஆனால் பெரிய நிகழ்ச்சிக்குக் காரணம் உங்கள் கற்பனைக் கணக்கன் என்று வந்துவிட்டால் லா பூர்தொனேயும் டூப்ளேயும் பொம்மைகள் ஆகிவிடுவார்கள்.

"நாவலுக்கு எதற்கு இத்தனை கணக்கு, ஆய்வுக் கட்டுரையா எழுதுகிறார்" என்று கீழே யாராவது கேட்பீர்கள், தெரியும். இந்தக் கணக்கில் முக்கால்வாசி புத்தகத்தில் தெரியவே கூடாது. ஆனால் உண்மைப் பெயரை அட்டையில் போடுகிறவருக்கு ஒரு கடமை இருக்கிறது. நாவலில் வந்த கற்பனைப் பெண்ணுக்குப் பிறந்த ஊர் எது என்று வாட்ஸப்பில் சண்டை போடும் நிலைக்கு வந்திருக்கிறோம். ஆகவே பின்னுரை கட்டாயம். நாலைந்து பக்கம் போதும்: யார் யார் கற்பனை, எந்தத் தேதியை நகர்த்தினீர்கள், எந்த உரையாடல் ஆவணத்தில் இருப்பது. அட்டவணையின் மூன்றாவது குறியை வடிகட்டினால் அரை நாளில் எழுதிவிடலாம்.

சட்டத்தையும் கொஞ்சம் யோசியுங்கள். நம் நாட்டில் இறந்தவர்மேல் அவதூறும், அவர் குடும்பத்தைப் புண்படுத்தும் நோக்கம் இருந்தால், குற்றமாகலாம். பாரதிய நியாய சன்ஹிதாவின் 356-ம் பிரிவைப் படித்துக்கொள்ளுங்கள். 18-ம் நூற்றாண்டுக்கு ஆபத்து குறைவு. தாத்தா காலத்து ஆளை எழுதினால் வக்கீலிடம் காட்டாமல் அச்சுக்குக் கொடுக்காதீர்கள். பிள்ளையின் மூல எழுத்துக்கு உரிமைப் பிரச்சினை இல்லை. ஆனால் சமீபத்தில் யாராவது பதிப்பித்த நூலின் முன்னுரையும் அடிக்குறிப்பும் அவர்களுடையது. அங்கிருந்து வரி வரியாக எடுக்க முடியாது.

கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், மனசு பொறுக்கவில்லை. தமிழில் 600 பக்க வரலாற்று நூலைக் கெட்டி அட்டையில், நல்ல தாளில், நல்ல விலைக்குப் போடுகிறார்கள். பின்னால் பெயர்ச் சொல்லடைவு ஒரு பக்கம் இருக்காது. கனகராய முதலியார் எங்கெல்லாம் வருகிறார் என்று தெரிய முழுப் புத்தகத்தையும் திரும்பப் படிக்க வேண்டும். ஆங்கிலத் தொகுதிகளில் நூறு வருஷத்துக்கு முன்பே செய்துவைத்த வேலை இது. பதிப்பாளர்களைக் கேட்டால் செலவு என்கிறார்கள். வாசகர் கேட்டால்தான் மாறும், கேளுங்கள். அதுவரை, தமிழ் மூலத்தைப் படிக்கும்போதே ஒரு நோட்டில் ஆளுக்கு ஒரு பக்கம் ஒதுக்கி, பெயர் வரும் பக்க எண்ணைக் குறித்துக்கொண்டே போங்கள். ஒரே ஆளைப் பிள்ளை நாலு விதமாக எழுதுவார்: பெயரால், பதவியால், உறவால், வெறும் "முசே" (பிரெஞ்சில் 'ஐயா') என்று. நாலையும் ஒரே பக்கத்தில் குறியுங்கள்.