பத்திரிகை ஆசிரியரான அசிகிவே நைஜீரியாவின் முதல் குடியரசுத் தலைவரானது எப்படி?

'பத்திரிகை அரசியல்' என்றால், கட்சிக்கு முன்பே நாளிதழ் வழியாக மக்களைத் திரட்டுவது. நம்டி அசிகிவே இதற்கு அருமையான உதாரணம். மக்கள் அவரை 'சிக்' என்றே அழைத்தார்கள்.

1904-இல் வடக்கு நைஜீரியாவின் சுங்கேருவில் பிறந்தவர். அமெரிக்காவில் படித்துவிட்டு, 1934-இல் அக்ராவில் (இன்றைய கானாவின் தலைநகர்) 'ஆப்பிரிக்கன் மார்னிங் போஸ்ட்' நாளிதழின் ஆசிரியரானார். ஒரு கட்டுரையை வெளியிட்டதற்காக 1936-இல் அவர் மீது ராஜத்துரோக வழக்கு. கீழ்நீதிமன்றம் தண்டித்தது, மேல்முறையீட்டில் விடுதலையானார்.

அப்புறம் 1937-இல் நைஜீரியாவின் லாகோஸ் நகரில் 'வெஸ்ட் ஆப்பிரிக்கன் பைலட்' என்ற சொந்த நாளிதழைத் தொடங்கினார். விலை ஒரு பென்னி, அதாவது சாதாரண குமாஸ்தாவும் வாங்கலாம். 'வெளிச்சத்தைக் காட்டு, மக்கள் வழியைக் கண்டுகொள்வார்கள்' என்பது அதன் முழக்கம். எனக்கு மிகவும் பிடித்த வரி இது.

ஏன் பத்திரிகை? காலனி ஆட்சியில் பெரும்பாலான மக்களுக்கு வாக்குரிமையே இல்லை. மேடையில் பேசினால் நூறு பேர் கேட்பார்கள். ஆனால் ஒரு தாள் கைமாறிக் கைமாறி ஊர் ஊராகப் போகும். உழாத நிலத்தில் விதைத்தால் முளைக்குமா? அவருடைய பத்திரிகை அந்த உழவு. 1944-இல் மூத்த தேசியவாதத் தலைவர் ஹெர்பர்ட் மெக்காலேயுடன் சேர்ந்து என்.சி.என்.சி. (நைஜீரியா, கேமரூன் தேசிய கவுன்சில்) என்ற அரசியல் இயக்கத்தைத் தொடங்கியபோது நிலம் பக்குவமாகியிருந்தது.

1954-இல் கிழக்குப் பிராந்திய முதல்வர், 1960-இல் கவர்னர் ஜெனரல், 1963-இல் குடியரசுத் தலைவர்.

குடியரசுத் தலைவர் என்றதும் நாட்டை ஆண்டவர் அவர்தான் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. 1966 ஜனவரி ராணுவப் புரட்சி வரை நிர்வாக அதிகாரம் பிரதமர் அபூபக்கர் தஃபாவா பலேவாவிடம்தான் இருந்தது.