500 ரூபாய் கீயும் திறந்த போர்ட்டும்

கேள்வி: பெங்களூர் பீன்யாவில் லேத் பட்டறை வைத்திருக்கிறேன். எஸ்.பி. ரோட்டில் வாங்கிய பழைய ஹெச்பி ஜென்9 சர்வரில்தான் கணக்கு, பில் எல்லாம். சர்வரைத் தூரத்திலிருந்தே பார்த்து இயக்க அதிலேயே உள்ள ஐலோவை லேப்டாப்பில் திறந்தால், விண்டோஸ் வரும் நேரத்தில் திரை நின்று லைசென்ஸ் கேட்கிறது. விற்றவர் 500 ரூபாய்க்கு லைசென்ஸ் கீ தருகிறாராம். ரவுட்டரில் போர்ட்டைத் திறந்துவிட்டால் அல்சூர் வீட்டிலிருந்தே பார்க்கலாம் என்கிறார். செய்யலாமா?

பதில்: இரண்டுமே வேண்டாம்.

திரை நிற்பது பழுது அல்ல. சர்வர் தன்னைச் சோதித்து முடிக்கும் வரைதான் இலவசம். அதற்குமேல் ‘ஐலோ அட்வான்ஸ்டு’ லைசென்ஸ் வேண்டும். காசு கொடுத்து வாங்கிய மிஷினின் திரையைப் பாதியில் மூடுவது எனக்கும் எரிச்சல்தான். அதற்காக 500 ரூபாய் கீயா? 25 எழுத்துக் கீ, எவனோ வாங்கியது, ஊரெல்லாம் சுற்றுகிறது. மிஷின் ஏற்றுக்கொண்டாலும் உரிமம் உங்களுடையது ஆகாது. பில் கேட்டுப் பாருங்கள், பேச்சை மாற்றுவார்.

உங்களுக்கு அது தேவையும் இல்லை. கணக்குப் பார்க்க விபிஎன் (இணையத்தின் வழியே பூட்டிய தனிப் பாதை) போட்டு, விண்டோஸ் திரையை வீட்டில் காட்டும் ரிமோட் டெஸ்க்டாப் போதும். சர்வரை நிறுத்தி மறுபடி போடுவது, சூடு பார்ப்பது எல்லாம் லைசென்ஸ் இல்லாமலே நடக்கும். லினக்ஸ் என்றால் இன்னொரு வழி உண்டு: லினக்ஸின் எழுத்துகளை வெளியே அனுப்பும் சீரியல் கன்சோலை இயக்கி வைத்து, எஸ்எஸ்ஹெச்சில் (கட்டளை அடித்து உள்ளே போகும் வழி) ஐலோவுக்குள் போய் விஎஸ்பி என்று அடித்தால் எழுத்துத் திரை முழுதும் வரும், காசில்லாமல். முன்கூட்டியே இயக்கி வைத்திருக்க வேண்டும். சர்வர் தொங்கிய பிறகு நினைத்துப் பயனில்லை. நீங்கள் விண்டோஸ், அதனால் விடுங்கள்.

போர்ட் விஷயம்தான் பயங்கரம். அதைத் திறந்தால் இணையத்தில் இருக்கும் எவனும் ஐலோவின் கதவைத் தட்டலாம். ஐலோ என்பது சர்வருக்குள் இருக்கும் தனிக் குட்டிக் கணினி. விண்டோஸ் அணைந்தாலும் விழித்திருக்கும். ஐலோ 4-இல் 2.53-க்கு முந்தைய ஃபர்ம்வேரில் (ஐலோவுக்குள் ஓடும் மென்பொருள்) 2017-இல் ஓர் ஓட்டை வெளிவந்தது. இணைப்புக் கோரிக்கையில் ‘ஏ’ எழுத்தை 29 தடவை அனுப்பினால் பாஸ்வேர்டு இல்லாமலே உள்ளே போகலாம்! உங்கள் ஜென்9-இல் இருப்பதும் ஐலோ 4-தான். ஃபர்ம்வேரை உடனே புதுப்பியுங்கள். சர்வரைத் தூரத்திலிருந்து இயக்கும் இன்னொரு பழைய வழியான ஐபிஎம்ஐ வசதியை அணையுங்கள். 623-ஆம் போர்ட்டில் கேட்பவனுக்கெல்லாம் பாஸ்வேர்டின் ஹாஷை (பாஸ்வேர்டை ஊகித்துப் பார்க்க உதவும் குறியீட்டு வடிவம்) கொடுப்பது அதன் வடிவமைப்பிலேயே உள்ள கோளாறு, பேட்ச் வராது.

அப்புறம், யூசர் பட்டியலைத் திறந்து பாருங்கள். பழைய கம்பெனி ஆள் யாராவது இன்னும் அங்கே இருக்கலாம், நீக்குங்கள். முன்பக்க இழுப்புச் சீட்டில் அச்சடித்த பாஸ்வேர்டையும் மாற்றுங்கள். விற்றவரும் அதைப் படித்திருப்பார்.