கார்டில் ஒரு தேதி, ஸ்கேனில் ரெண்டு தேதி

கேள்வி: எனக்கு 26 வயது. ஏற்காட்டில் நாகலூர் பக்கம் ஒரு காப்பி எஸ்டேட்டில் என் கணவர் வேலை பார்க்கிறார். பழம் பறிக்கிற சமயத்தில் நானும் வேலைக்குப் போவேன். முதல் பையன் சிசேரியன். அவனுக்கு ஒன்றே கால் வயது, இன்னும் பால் குடிக்கிறான். அவன் பிறந்த பிறகு எனக்கு மாதவிலக்கு ஒழுங்காக வரவே இல்லை. ஆகஸ்ட் 10-ம் தேதி வாக்கில் ரெண்டு நாள் லேசாகப் பட்டது, அவ்வளவுதான். திரும்ப முழுகாமல் இருக்கிறேன் என்று தெரிந்ததே தீபாவளிக்குப் பிறகுதான். பறிப்பு நேரம் என்பதால் உடனே ஸ்கேனுக்குப் போக முடியவில்லை. ஜனவரி 5-ல் சேலத்தில் எடுத்த முதல் ஸ்கேனில் 18 வாரம் 5 நாள், பிரசவம் ஜூன் 3 என்று இருந்தது. பிப்ரவரி 27-ல் எடுத்ததில் 25 வாரம் 2 நாள், ஜூன் 10 என்று வந்திருக்கிறது. நர்ஸம்மா கார்டில் மே 17 என்று எழுதியிருக்கிறார். குழந்தை வளராமல் நின்றுவிட்டதோ என்று பயமாக இருக்கிறது. இந்தத் தடவையும் ஆபரேஷன்தான் என்பதால், மே 16 நல்ல நாள் என்று அத்தை ஜோசியரிடம் குறித்து வாங்கிவிட்டார். அம்மா வீடு அம்மாபேட்டையில். எந்தத் தேதியை நம்புவது? எப்போது கீழே இறங்குவது?
பெயர் வேண்டாம் என்ற வாசகி, ஏற்காடு

பதில்: அன்புத் தங்கைக்கு,

முதலில் பயத்தைப் போக்கிவிடுகிறேன். நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் உங்கள் பிரசவத் தேதி ஜூன் 3. ஜனவரி ஸ்கேன் சொன்ன அந்தத் தேதியையே கடைசி வரைக்கும் வைத்துக்கொள்ள வேண்டும். குழந்தை வளராமல் நின்றுவிடவும் இல்லை. ரெண்டு ஸ்கேனுக்கும் நடுவே 53 நாள். அளவுப்படி அதில் 46 நாள் வளர்ச்சி தெரிகிறது. ஆறு மாதத்துக்கு மேல் எடுக்கிற ஸ்கேனில் ஒரு வார வித்தியாசம் சாதாரணமாகவே வரும்.

வீட்டில் ஆளுக்கு ஒரு கேள்வி கேட்பார்கள், அதனால் காரணத்தையும் தெரிந்துகொள்ளுங்கள்.

நர்ஸம்மா போட்ட கணக்கில் பிழை இல்லை. கடைசி மாதவிலக்கின் முதல் நாளோடு ஏழு நாளைக் கூட்டி ஒன்பது மாதம் தள்ளினால் பிரசவத் தேதி. மொத்தம் 280 நாள், அதாவது 40 வாரம். நேகலே என்ற ஜெர்மன் மருத்துவர் பெயரால் வழங்கும் கணக்கு இது. ஆகஸ்ட் 10-க்கு மே 17 சரியாக வருகிறது. ஆனால் 28 நாளுக்கு ஒரு தரம் தவறாமல் மாதவிலக்கு வரும், 14-ம் நாள் வாக்கில் கருமுட்டை வெளியாகும் என்று நம்பிப் போட்ட கணக்கு அது. 35 நாளுக்கு ஒரு தரம் வருகிறவர்களுக்கே ஒரு வாரம் தள்ளிப் போகும். உங்களுக்கோ சுற்றே இன்னும் சரியாகத் திரும்பவில்லை. பால் கொடுக்கிற மாதங்களில் கருமுட்டை எப்போது வெளியாகும் என்று யாராலும் சொல்ல முடியாது. ரெண்டு நாள் லேசாகப் பட்டதை முழு மாதவிலக்காக வைத்துத் தேதி குறிப்பது நியாயம் இல்லை. பி.சி.ஓ.டி. என்கிற சினைப்பை நீர்க்கட்டிப் பிரச்சினை இருப்பவர்களுக்கும், கருத்தடை மாத்திரையை நிறுத்திய கையோடு உண்டானவர்களுக்கும் இதே சிக்கல்தான்.

சரி, ஸ்கேனை மட்டும் எப்படி நம்புவது? ஸ்கேன் குழந்தையை அளக்கிறது. அந்த அளவு எத்தனை வாரக் குழந்தைக்கு இருக்கும் என்று அட்டவணையில் பார்த்துச் சொல்கிறது. முதல் மூன்று மாதத்தில் தலை உச்சியிலிருந்து பிட்டம் வரை உள்ள நீளத்தை எடுப்பார்கள், ரிப்போர்ட்டில் சி.ஆர்.எல். என்று இருக்கும். இருப்பதிலேயே துல்லியமானது அதுதான், ஐந்திலிருந்து ஏழு நாள் முன்பின் ஆகலாம். 14 வாரத்துக்குப் பிறகு அந்த அளவு உதவாது. அப்போது தலையின் குறுக்களவு, தலைச் சுற்றளவு, வயிற்றுச் சுற்றளவு, தொடை எலும்பின் நீளம் ஆகிய நான்கையும் எடுப்பார்கள். உங்கள் ரிப்போர்ட்டில் பி.பி.டி., எச்.சி., ஏ.சி., எஃப்.எல். என்று இருப்பவை இவைதான். வாரத்தைக் கணிக்க இவற்றில் தலைச் சுற்றளவு அதிக நம்பகமானது. வயிற்றுச் சுற்றளவு குழந்தைக்குக் கிடைக்கிற ஊட்டத்தைப் பொறுத்துக் கூடும், குறையும்.

உங்களுக்குக் காப்பி நாற்று தெரியும். முளைத்த புதிதில் பாத்தி முழுக்க ஒரே உயரமாக நிற்கும். நாலைந்து மாதம் போனால் ஒன்று ஓங்கி நிற்கும், ஒன்று குட்டையாக இருக்கும். வயிற்றுக் குழந்தையும் அப்படித்தான். ஆரம்பத்தில் எல்லாக் குழந்தையும் ஏறக்குறைய ஒரே அளவு. நாள் போகப் போக அப்பா அம்மாவின் உடல்வாகு, தாயின் ஊட்டம், நஞ்சுக்கொடியின் ரத்த ஓட்டம் எல்லாம் சேர்ந்து ஆளுக்கு ஒரு மாதிரி ஆக்கிவிடும். அதனால் ஸ்கேன் எவ்வளவு தாமதமோ, தேதியில் அவ்வளவு பிசகு.

இதற்கு அளவுகோல் உண்டு. அமெரிக்க மகப்பேறு மருத்துவர்கள் அமைப்பு 2017-ல் சொன்ன வழிமுறைப்படி, 16 வாரத்திலிருந்து 22 வாரத்துக்குள் எடுத்த ஸ்கேன் மாதவிலக்குக் கணக்கிலிருந்து 10 நாளுக்கு மேல் விலகினால் ஸ்கேன் தேதியை எடுத்துக்கொள்ள வேண்டும். 22-லிருந்து 28 வாரத்துக்குள் என்றால் 14 நாளுக்கு மேல், அதையும் தாண்டினால் 21 நாளுக்கு மேல் விலக வேண்டும். உங்களுக்கு முதல் ஸ்கேனிலேயே 17 நாள் வித்தியாசம். அதனால் மே 17 அன்றைக்கே கணக்கிலிருந்து போய்விட்டது. பறிப்பு வேலைக்கு நடுவிலும் 22 வாரத்துக்குள் ஒரு ஸ்கேன் எடுத்தீர்களே, அது பெரிய காரியம்.

ஜூன் 10-ஐ ஏன் எடுக்கக் கூடாது என்பதுதான் முக்கியம். ஒவ்வொரு தரம் ஸ்கேன் எடுக்கும்போதும் மிஷின் அன்றைய அளவை வைத்து ஒரு தேதியை அடித்துக் கொடுக்கும். அது புதுப் பிரசவத் தேதி என்று நிறையப் பேர் நினைத்துக்கொள்கிறார்கள். அப்படி ஒவ்வொரு தரமும் தேதியைத் தள்ளிக்கொண்டே போனால், உண்மையிலேயே வளர்ச்சி குன்றிய குழந்தைகூட ரிப்போர்ட்டில் வாரத்துக்கு ஏற்ற அளவாகத் தெரியும். கவனிக்க வேண்டிய குழந்தையைக் கவனிக்காமல் விட்டுவிடுவோம். தேதி அசையாமல் நின்றால்தான் வளர்ச்சி சரியா இல்லையா என்று பார்க்க முடியும். நல்ல ஸ்கேன் ஒன்றில் தேதி குறித்த பிறகு அதை மாற்ற ஒத்துக்கொள்ளாதீர்கள். அடுத்த ஸ்கேனை மூன்று நான்கு வாரம் கழித்து எடுங்கள். அப்போது கேட்க வேண்டிய கேள்வி, “ஜூன் 3-ன்படி வளர்ச்சி சரியாக இருக்கிறதா?” என்பதுதான். பின்தங்கல் அதிகமானால் ரத்த ஓட்டம் பார்க்கும் டாப்ளர் ஸ்கேனை மருத்துவரே சொல்வார்.

குழந்தை அசைவு எப்போது தெரிந்தது என்று நீங்கள் எழுதவில்லை. ரெண்டாவது குழந்தைக்கு 16-லிருந்து 18 வாரத்துக்குள் தெரியும். மார்கழி பிறந்த சமயத்தில் என்றால் ஜூன் கணக்கோடு பொருந்துகிறது. 20 வாரத்தில் கர்ப்பப்பை தொப்புள் மட்டத்துக்கு வரும் என்பதும் ஒரு கணக்கு. இவை துணைக்குத்தான், தேதி குறிக்கப் போதாது.

இனி அத்தை குறித்த மே 16. மே 17-தான் தேதி என்று நம்பி அவர் நாள் பார்த்திருக்கிறார், அதில் அவர் மேல் தவறு இல்லை. ஆனால் ஜூன் 3-ன்படி அன்றைக்கு 37 வாரம் 3 நாள்தான் ஆகியிருக்கும். வேறு காரணம் இல்லாமல் ஆபரேஷனை 39 வாரத்துக்கு முன் வைப்பது நல்லதில்லை. வலி வராமல் முன்கூட்டி எடுக்கும் குழந்தைகளுக்கு மூச்சுத் திணறல் வருவது அதிகம். பிறந்த குழந்தையைத் தனி வார்டில் வைத்துவிட்டு நீங்கள் பால் கட்டிக்கொண்டு தவிக்க வேண்டியிருக்கும். உங்களுக்கு 39 வாரம் முடிவது மே 27. அதுவும் வைகாசிதான், அதை ஒட்டி இன்னொரு நல்ல நாள் பார்க்கலாம். கணவரையும் அத்தையையும் மருத்துவரிடம் கூட்டிப்போய் அவர் வாயாலேயே சொல்லச் சொல்லுங்கள். நீங்கள் தனியாக நின்று வாதாட வேண்டாம்.

அப்புறம், கீழே இறங்குவது. நூறு பேரில் நாலைந்து பேருக்குத்தான் சொன்ன தேதியிலேயே பிரசவம் ஆகிறது. முதல் ஆபரேஷனுக்கும் இதற்கும் இடைவெளி ஒன்றரை வருடம்தான், அதனால் மலையில் இருக்கும்போது வலி வருவதற்கு இடம் கொடுக்கக் கூடாது. வலி வந்தால் பழைய தையல் இடம் விட்டுப்போகும் அபாயம் சிறிதளவு உண்டு. ஆபரேஷன் வசதியும் ரத்தமும் பக்கத்தில் இருக்க வேண்டும். அம்மாபேட்டையில் இருந்தால் சேலம் அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவமனைக்குச் சீக்கிரம் போய்விடலாம். உங்களுக்கு 36 வாரம் முடிவது மே 6. ஏப்ரல் கடைசியிலேயே இறங்கிவிடுங்கள். மே மாதம் சீசன், கோடை விழா என்று வண்டிகள் குவிந்தால், அந்த 20 கொண்டை ஊசி வளைவில் எங்கே மாட்டிக்கொள்வோம் என்று சொல்ல முடியாது.

சத்துக்குறைவு உங்களுக்குச் சீக்கிரம் வரும். பையனுக்குப் பாலும் கொடுக்கிறீர்கள், வயிற்றில் இன்னொன்றும் வளர்கிறது. ரத்தத்தில் ஹீமோகுளோபின் எவ்வளவு என்று பார்த்துவிடுங்கள். இரும்புச்சத்து மாத்திரை போட்ட கையோடு காப்பி, டீ குடிக்காதீர்கள், சத்து உடம்பில் சேராது. ஒரு மணி நேரமாவது இடைவெளி விடுங்கள்.

ரத்தம் பட்டாலோ, தண்ணீர் போனாலோ, பழைய தையல் பக்கம் விடாமல் வலித்தாலோ, குழந்தை அசைவு குறைந்த மாதிரி தோன்றினாலோ எந்தத் தேதியையும் பார்க்க வேண்டாம், உடனே 108-ஐக் கூப்பிடுங்கள். காலையில் பார்க்கலாம் என்று யாராவது சொன்னாலும் கேட்காதீர்கள்.

நர்ஸம்மாவை அடுத்து பார்க்கும்போது ஜனவரி 5 ரிப்போர்ட்டைக் காட்டி, கார்டிலும், பிக்மி என்கிற அரசு கர்ப்பிணிப் பதிவிலும் தேதியை ஜூன் 3 என்று திருத்தச் சொல்லுங்கள். அதன் ஜெராக்ஸ் ஒன்று அம்மா வீட்டிலும் இருக்கட்டும்.