மார்செல் தாலியோ: குணச்சித்திர நடிகர் ஒருவரைப் பற்றிய கேள்வி பதில்

கேள்வி (கோவை வாசகர்): 1942-இல் வந்த 'காசாபிளாங்கா' படத்தில் ரூலெட் சூதாட்டச் சக்கரம் சுழற்றுபவர் தாலியோதானா? பெயர்ப்பட்டியலில் அவர் இல்லையே?

பதில்: அவரேதான். சூதாட்டம் நடப்பதாகச் சொல்லிக் காவல்துறைக் கேப்டன் ரெனோ விடுதியை மூட உத்தரவிடும் வேளையில், அவர் வென்ற பணத்தை மரியாதையோடு கொண்டுவந்து நீட்டுபவரும் இவரே. அக்கால ஹாலிவுட்டில் சிறு வேடங்களுக்குப் பெயர் போடாமல் விடுவது வழக்கம் என்பதால், பெயர்ப்பட்டியலை மட்டும் வைத்து ஒரு குணச்சித்திர நடிகரை அளக்க வேண்டாம்.

கேள்வி (யாழ்ப்பாண வாசகர்): பிரான்சில் முக்கிய வேடங்களில் நடித்தவர் ஏன் இந்த நிலைக்கு வந்தார்?

பதில்: ருமேனிய யூதப் பெற்றோருக்கு 1899-இல் பாரிஸில் பிறந்த இவருடைய இயற்பெயர் இஸ்ரயேல் பிளௌஷில்ட். 1937-இல் 'கிராண்ட் இல்யூஷன்', 'பெப்பே லெ மோக்கோ', 1939-இல் 'ரூல்ஸ் ஆஃப் தி கேம்' என்று வரிசையாக உயர்ந்துகொண்டிருந்தவர், 1940 ஜூனில் ஜெர்மானியப் படை நெருங்கியபோது இளம் மனைவி மதலேன் லெபோவுடன் பாரிஸை விட்டு வெளியேறினார். லிஸ்பனில் கப்பல் ஏறிய பிறகுதான் கையிலிருந்த சிலி நாட்டு விசாக்கள் போலியானவை என்று தெரிந்தது. மெக்சிகோவில் தவித்து, கனடாவின் தற்காலிகக் கடவுச்சீட்டு பெற்று அமெரிக்கா சேர்ந்தார். அதற்குள் பாரிஸில் நாஜிகள் அவருடைய முகத்தையே 'யூதன் இப்படித்தான் இருப்பான்' என்று சுவரொட்டியாக ஒட்டியிருந்தார்கள். அவருடைய பெற்றோர் வதைமுகாமில் இறந்தனர். இதையெல்லாம் தெரிந்துகொண்ட பின்னும் ரூலெட் மேசை வேடத்தை வீழ்ச்சி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இரண்டே ஆண்டுகளில், 'டு ஹேவ் அண்ட் ஹேவ் நாட்' படத்தில் மார்த்தினீக் தீவின் விடுதிக்காரராக நல்ல வேடம் கிடைத்தது.

கேள்வி (மதுரை வாசகர்): இயக்குநர் ழான் ரெனுவார் யூதரைப் பெரும் பணக்காரராகக் காட்டியது, பழைய வெறுப்பு முத்திரையைத்தானே மீண்டும் குத்தியது?

பதில்: 'கிராண்ட் இல்யூஷன்' படத்தில் தாலியோ நடித்த போர்க்கைதி ரோசன்தால் பணக்காரர்தான், ஆனால் வீட்டிலிருந்து வரும் உணவுப் பொட்டலங்களைச் சிறைக்கூடம் முழுவதற்கும் பங்கிடுபவரும் அவரே. தப்பியோடும் வழியில் அவருக்குக் கணுக்காலில் அடிபட, நடை தாமதமாகி, ழான் கபேன் நடிக்கும் மாரெஷால் பொறுமையிழந்து யூதர்களைப் பிடிக்காது என்று கத்திவிட்டுப் போய்விடுகிறார். சற்று நேரத்தில் அவரே திரும்பி வந்து தோள் கொடுக்கிறார். முத்திரையை ஒரு சாதாரணப் பிரெஞ்சுக்காரனின் வாயிலேயே வைத்து, அவனையே வெட்கப்படவும் வைக்கும் காட்சி இது.

கேள்வி (அதே வாசகர்): சரி, 'ரூல்ஸ் ஆஃப் தி கேம்' படத்தில் பிரபுவாகவும் அவரையே நடிக்க வைத்தாரே?

பதில்: அங்கேதான் ரெனுவாரின் துணிவு தெரிகிறது. மார்க்கி வேடத்துக்குப் பிரபு போலத் தோன்றும் ஒருவரைத் தேடாமல், யூத நடிகர் என்று ஊரறிந்தவரை நிறுத்தினார். பணியாளர்கள் சாப்பிடும் மேசையில் எசமானின் யூத வழி முன்னோரைக் குத்திக்காட்டும் பேச்சும் வருகிறது. பார்வையாளர் மனத்தில் இருந்ததைப் படம் முந்திக்கொண்டு சொல்லிவிட்டது. புதிதாக வாங்கிய பெரிய இசைப்பெட்டியை விருந்தினருக்குக் காட்டிவிட்டு அதன் பக்கத்தில் தாலியோ நிற்கும் காட்சியைப் பாருங்கள்: பெருமையும் கூச்சமும் ஒரே முகத்தில் மாறி மாறி வரும். தாம் எடுத்த காட்சிகளிலேயே சிறந்தது இதுவாக இருக்கலாம் என்று ரெனுவாரே பிற்காலத்தில் கூறினார். வாதத்தை இதோடு நிறுத்திக்கொள்வோம், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்.

கேள்வி (சேலம் வாசகர்): 'காசாபிளாங்கா'வில் இவர் நடித்தாரா? இணையப் பட்டியல் ஒன்றில் பெயரே இல்லை.

பதில்: முதல் கேள்வியைப் படியுங்கள். பட்டியலை நம்ப வேண்டாம்.

கேள்வி (சென்னை வாசகர்): தொலைக்காட்சியில் ஏதாவது?

பதில்: 1955-இல் அதே 'காசாபிளாங்கா' அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடராக வந்தபோது, கேப்டன் வேடம் தாலியோவுக்குக் கிடைத்தது. திரையில் கேப்டனிடம் பணம் நீட்டியவர், சின்னத்திரையில் அந்தக் கேப்டனாகவே ஆனார். தொடர் நீடிக்கவில்லை.

கேள்வி (திருச்சி வாசகர்): 'காசாபிளாங்கா' நாயகன் ஹம்ஃப்ரி போகார்ட்டின் சிறந்த ஐந்து படங்களைச் சொல்ல முடியுமா?

பதில்: வேறோர் அமர்வில் கேளுங்கள்.

கேள்வி (கொழும்பு வாசகர்): முதுமையில் நடித்தவற்றில் எதைப் பார்க்கலாம்?

பதில்: 1973-இல் வந்த 'ராபி ஜேக்கப்' நகைச்சுவைப் படம். யூத வெறுப்பு கொண்ட தொழிலதிபராக வரும் லூயி த ஃப்யூனெ, தப்பிப்பதற்காக ராபி (யூத மதகுரு) வேடம் போடுகிறார். உண்மையான ராபி, எழுபதைத் தாண்டிய தாலியோ. ஒரு காலத்தில் வெறுப்புச் சுவரொட்டியில் ஒட்டப்பட்ட அந்த முகத்தைப் பார்த்துப் பிரான்ஸ் முழுவதும் சிரித்து மகிழ்ந்தது. 1983-இல் காலமானார்.

கேள்வி (புதுச்சேரி வாசகர்): மதலேன் லெபோவும் 'காசாபிளாங்கா'வில் இருந்தாரா?

பதில்: இருந்தார். பிரெஞ்சு தேசிய கீதமான 'மார்செய்யேஸ்' பாடும்போது கண்ணீர் வழிய நிற்கும் இவோன் என்ற பெண்ணாக நடித்தவர் அவர்தான். அவர் பெயர் பட்டியலில் உண்டு. படம் வந்த அதே 1942-இல் தாலியோவும் அவரும் பிரிந்தனர். அவர் 2016 வரை வாழ்ந்தார்.