உலகம் மாறினா கணக்கும் மாறுமா? வாசகர் கேள்வி பதில்

கேள்வி: ஒரு கதை எழுதிட்டிருக்கேன். பல இணை உலகங்கள்ல இருக்குற கணித ஞானிகள் சேர்ந்து நடத்துற ஒரு ஆய்வு இதழ்தான் கதையே. தியானத்துல, கனவுல கிடைச்சதை எல்லாம் கட்டுரையா அனுப்புறாங்க. இது ரொம்ப ஓவரா? நிஜத்துல இப்படி ஏதாவது நடந்திருக்கா? (வாசகி, திருச்சி)

பதில்: ஓவரே இல்ல, தைரியமா எழுதுங்க. ஜெர்மனியில ஹாலே பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜார்ஜ் கேன்டரை எடுத்துக்கோங்க. முடிவிலியிலயும் சின்னது பெருசு இருக்கு, 1, 2, 3ன்னு எண்ணிட்டே போற எண்களை விட ஒரு கோட்டுல இருக்குற புள்ளிகள் பெரிய முடிவிலின்னு நிரூபிச்ச மனுஷன். பெரிய பக்திமான் வேற, இதெல்லாம் தனக்குக் கடவுள் அறிவிச்சதுன்னே நம்பினார். ஸ்வீடன்ல மிட்டாக்-லெஃப்லர் ‘ஆக்டா மேத்தமேட்டிக்கா’ன்னு ஒரு இதழ் நடத்தினார், கேன்டர் பக்கம் நின்ன வெகு சில பேர்ல அவரும் ஒருத்தர், கேன்டரோட கட்டுரைகளை ஃப்ரெஞ்சுல கூட போட்டிருக்கார். அப்படிப்பட்டவரே 1885ல, அச்சுக்குப் போயிட்டிருந்த கட்டுரையை வாபஸ் வாங்கிக்கோங்க, இது தன்னோட காலத்துக்கு நூறு வருஷம் முந்தி வந்துடுச்சு, உலகம் இதுக்கு இன்னும் தயாராகலன்னு எழுதிட்டார். அப்ப 1984 வரைக்கும் நான் காத்திருக்கணுமான்னு கேன்டர் நொந்து போயிட்டார், அதுக்கப்புறம் அந்த இதழுக்கு அவர் எழுதவே இல்ல, தத்துவப் பத்திரிகைக்கு எழுதினார், கத்தோலிக்க இறையியல் அறிஞர்களோட கடிதம் வழியா விவாதிச்சார். இதை எப்ப படிச்சாலும் எனக்கு மனசு கனத்துடும். உங்க இதழோட எடிட்டரை இந்த மிட்டாக்-லெஃப்லர் மாதிரி வைங்க, நல்ல மனுஷன், ஆனா காலத்துக்குப் பயந்தவர்.

கேள்வி: வேற உலகத்துல வேற கணக்கு இருக்க முடியுமா சார்? (வாசகர், மதுரை)

பதில்: ரெண்டும் ரெண்டும் அஞ்சுங்கற உலகத்தைக் கேக்குறீங்கன்னா, அது கிடையாது. ஆனா கேன்டர் 1878ல ஒண்ணு சொன்னார், எண்ணிக்கிட்டே போற முடிவிலிக்கும் கோட்டோட முடிவிலிக்கும் நடுவுல வேற அளவு எதுவுமே இல்லன்னு. அதை நிரூபிக்க ரொம்பப் பாடுபட்டார், முடியல. அப்புறம் கணிதத்தோட வழக்கமான அடிப்படை விதிகளை வெச்சு இதைத் தப்புன்னு நிரூபிக்க முடியாதுன்னு கர்ட் கோடல் காட்டினார், சரின்னும் நிரூபிக்க முடியாதுன்னு 1963ல பால் கோஹன் காட்டினார். அதாவது அது சரியா இருக்குற கணித உலகமும் உண்டு, தப்பா இருக்குற கணித உலகமும் உண்டு, ரெண்டுலயும் முரண்பாடு வராது (அந்த அடிப்படை விதிகள்லயே முரண்பாடு இல்லாத வரைக்கும்). இப்படிப் பல கணித உலகங்கள் நிஜமாவே இருக்குன்னு வாதாடுற ஆய்வாளர்கள் இன்னைக்கும் இருக்காங்க. திருச்சி வாசகி இதையும் பாத்துக்கோங்க, உங்க இதழுக்கு வர்ற ஒவ்வொரு கட்டுரைக்கும் ரிவ்யூவர் முதல்ல கேக்க வேண்டியது ‘உங்க உலகத்துல அடிப்படை விதி என்ன’ங்கறதுதான், அதைத் தெரிஞ்சுக்காம அடுத்த உலகத்துக் கட்டுரையை சரின்னும் சொல்ல முடியாது தப்புன்னும் சொல்ல முடியாது.

கேள்வி: ராமானுஜனுக்கு நாமகிரித் தாயார் கனவுல சூத்திரம் கொடுத்தாங்களே, அப்புறம் நிரூபணம் எதுக்கு? (வாசகர், கும்பகோணம்)

பதில்: தாயார் அருள்னு அவரே சொல்லுவார், அந்த நம்பிக்கையில நான் கை வைக்க மாட்டேன். ஆனா கனவு அவருக்கு மட்டும் வந்தது, மத்தவங்க எல்லாரும் அந்த இடத்துக்கு நடந்துதானே போகணும், அதுக்கு வழிதான் நிரூபணம். 1911ல இந்தியக் கணிதக் கழக இதழ்ல வாசகர்களுக்கு அவர் ஒரு கேள்வி போட்டார். 1 கூட்டல் 2 பெருக்கல் ஒரு வர்க்கமூலம், அந்த மூலத்துக்குள்ள 1 கூட்டல் 3 பெருக்கல் இன்னொரு மூலம், அதுக்குள்ள 4, இப்படி முடிவே இல்லாம போகுது, மொத்தத்துக்கும் வர்க்கமூலம் எடுத்தா என்ன வரும்? ஆறு மாசமாகியும் யாரும் விடை அனுப்பல, கடைசில அவரே கொடுத்தார், 3. எப்படின்னா, 3ங்கறது 9ஓட வர்க்கமூலம், 9ங்கறது 1 கூட்டல் 2 பெருக்கல் 4. அந்த 4ஐ 16ஓட வர்க்கமூலமா எழுதுங்க, 16ங்கறது 1 கூட்டல் 3 பெருக்கல் 5. அடுத்து அந்த 5ஐ 25ஓட மூலமா எழுதுங்க, 1 கூட்டல் 4 பெருக்கல் 6. இப்படியே போயிட்டிருக்கும். முடிவில்லாம நீட்டினாலும் அது 3லயேதான் வந்து நிக்குமாங்கறதைத் தனியா நிரூபிக்கணும், ஒரு பேப்பர் எடுத்து முயற்சி பண்ணிப் பாருங்க, வந்தா எனக்கும் அனுப்புங்க.