இலுப்பையைக் காத்தது சாமியா, செக்கா?

வணக்கம்.

தலமரங்களைப் பற்றி நீங்கள் எழுதியதை வாசித்தேன். எனக்கு இலுப்பூருக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். பெயரில்தான் இலுப்பை இருக்கிறது. மரம் என்று பார்த்தால் அய்யனார் கோயில் அருகே இரண்டுதான் மிச்சம். இலுப்பை ஆக்சிஜனை அதிகம் தரும், அதை அறிந்த முன்னோர்தான் வெட்டினால் குலம் விளங்காது என்று பயமுறுத்திக் காப்பாற்றினார்கள் என்று வாட்ஸப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. நம்பலாமா? அந்தப் பயம் போனதால்தான் மரமும் போனதா?

அன்புடன்,
செ.

அன்புள்ள செ.,

ஆக்சிஜன் கதையை விட்டுவிடுங்கள். அரசு, வேம்பு, வில்வம் என்று மரத்தின் பெயரை மட்டும் மாற்றி அதே செய்தி எனக்கும் வருகிறது. இலுப்பை கோயிலில் நின்றதற்குக் காரணம் விளக்கு. அதன் பருப்பில் ஏறக்குறையப் பாதி எண்ணெய். கோயில் விளக்கும் எரிந்தது, வீட்டு விளக்கும் எரிந்தது. பனிக்காலத்தில் இலுப்பெண்ணெய் நெய்போல உறைந்துவிடும். மார்கழியில் என் அப்பாயி எண்ணெய்க் கிண்ணத்தை அடுப்போரம் வைத்து இளக்கிய பிறகுதான் மாடத்து விளக்கில் ஊற்றுவார். செக்கில் மிஞ்சும் புண்ணாக்கை மாடு தின்னாது. ஆனால் நுரைக்கும், அதனால் எண்ணெய்க் குளியலுக்கு அதுதான் சீயக்காய். குட்டையில் கரைத்தால் மீன் மயங்கி மேலே வரும் என்பதும் ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

எங்கள் ஊர்க் கோயில் மரத்துக் கொட்டைக்கு ஏலம் உண்டு. பழத்தின் சதையை வௌவால் தின்றுவிட்டுக் கொட்டையைக் கீழே போடும். ஏலம் எடுத்தவரின் ஆட்கள் விடிந்ததும் பொறுக்க வருவார்கள். அதற்கு முன்னால் நாங்கள் போய் டவுசர் பை நிறையத் திருடிக்கொண்டு வந்து கடையில் போட்டுக் கடலைமிட்டாய் வாங்கியிருக்கிறோம். அந்த மரத்தில் யாராவது அரிவாளை வைத்தால் சாமி வருவதற்கு முன் ஏலக்காரர் வந்துவிடுவார்.

பயம் இல்லவே இல்லை என்று சொல்ல மாட்டேன். இருந்தது. ஆனால் அதே இலுப்பையை வெட்டித்தான் தேரும் செய்தோம். தேருக்கு ஏற்ற மரங்கள் என்று தேக்கு, வேங்கையோடு இலுப்பையையும் சேர்த்துத்தான் சொல்வார்கள். வண்டிச் சக்கரத்தின் குடத்துக்கும் அது போனது. அதாவது, வெட்டவே கூடாது என்றில்லை. காரணமில்லாமல் வெட்டக் கூடாது, அவ்வளவுதான்.

பூவைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை. ஆனாலும் சொல்லாமல் விட மனமில்லை. பங்குனி, சித்திரையில் இலையெல்லாம் கொட்டிக் கிளை மொட்டையாக நிற்கும்போது பூக்கும். இரவில் விரிந்து, விடிவதற்குள் உதிரும். சின்ன திராட்சை மாதிரி உருண்டையாக, வெளிர் மஞ்சளாக, நடுவில் ஓட்டையோடு தரையில் கிடக்கும். வாயில் போட்டால் இனிப்பு. வாசனை மட்டும் சிலருக்குக் குமட்டும். காய்ந்த பூவில் பாதிக்கு மேல் சர்க்கரைதான். "ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை" என்பதை இப்போது ஏளனமாகவே சொல்கிறோம். ஆலை என்றால் கரும்பாலை. கரும்பு ஏறாத மேட்டுநிலத்துக்காரனுக்கு அது உண்மையாகவே சர்க்கரை. காயவைத்து, வறுத்து, எள்ளோடு இடித்து உருண்டை பிடிப்பார்கள்.

சங்கப் பாடல்களில் இதன் பெயர் இருப்பை. குறுந்தொகை 329-இல் காற்றடித்து உதிர்ந்த வெள்ளைப் பூ, யானை நடக்கும் சிறுவழியையே மூடிக் கிடக்கிறது. நற்றிணை 111-இல் இன்னும் விசேஷம்: இறாலுக்கு இருப்பைப் பூ உவமை. முதலில் படித்தபோது எனக்குப் பிடிபடவில்லை. வாடிச் சுருண்ட பூ ஒன்றைக் கையில் எடுத்துப் பார்த்த அன்றுதான் சிரித்தேன். கடற்கரையைப் பாடும் நெய்தல் பாட்டில் வறண்ட பாலை நிலத்து மரத்தின் பூ வருகிறதென்றால், எழுதியவர் இரண்டையும் கண்ணால் பார்த்திருக்க வேண்டும்.

சரி, மரம் எப்படிப் போனது? மண்ணெண்ணெய் வந்தது, அப்புறம் கரண்ட் வந்தது. சோப்பும் வந்தபின் புண்ணாக்கையும் யாரும் தேடவில்லை. செக்கு நின்றது, ஏலம் நின்றது. அதன்பின் சாலையை அகலப்படுத்தும்போதோ மனை பிரிக்கும்போதோ குறுக்கே நின்று கேட்க ஆளில்லை. குலம் விளங்காது என்ற பயம் அப்போதும் இருந்தது. ஆனால் அது மட்டும் போதவில்லை. மத்திய இந்தியாவில் இதே இனத்தின் அகன்ற இலை வகையை மகுவா என்கிறார்கள். அங்கே பூவிலிருந்து சாராயம் காய்ச்சுகிறார்கள். 1892-இல் பம்பாய் அரசாங்கம் அந்தப் பூவுக்கென்று தனிச்சட்டமே போட்டது. இன்றும் அங்கே பழங்குடிகள் பூப் பொறுக்கி விற்கிறார்கள். காட்டைத் திருத்தி வயலாக்கினாலும் இந்த மரத்தை விட்டுவைப்பார்கள். நம்மிடம் ஊர்ப்பெயர்கள் மிஞ்சியிருக்கின்றன: உங்கள் இலுப்பூர், இலுப்பைக்குடி, சுந்தரர் பாடிய தலமான இலுப்பைப்பட்டு, கடல் தாண்டி மன்னாரில் இலுப்பைக்கடவை.

உங்கள் அய்யனார் கோயில் மரங்கள் இரண்டும் காய்க்கின்றனவா என்று பாருங்கள். காய்த்தால் ஆனி, ஆடியில் காலையில் போய்ப் புதுக்கொட்டையாகப் பொறுக்குங்கள். மற்ற விதைபோல டப்பாவில் போட்டு வைக்காதீர்கள். சில வாரங்களில் முளைப்புத்திறன் போய்விடும். அந்த வாரமே ஊன்றிவிடுங்கள். ஆணிவேர் சீக்கிரம் இறங்கும், அதனால் நாற்றுப் பை ஆழமாக இருக்கட்டும். காய்ப்புக்கு வரப் பத்து வருஷமாவது ஆகும். முளைத்தால் எனக்கு ஒரு வரி எழுதுங்கள்.