டிரங்குப் பெட்டியில் எழுதிய பெயர்

மதிப்பிற்குரிய ஐயா,

ராணுவ அறிவியல் புனைகதைகளைச் சில மாதங்களாகப் படித்து வருகிறேன். இயந்திரக் கவசம், மூளையில் பொருத்திய கருவி, வேறோர் உடலுக்கு மாற்றப்பட்ட நினைவு என எல்லாவற்றிலும் தொழில்நுட்பமே சிப்பாயின் அடையாளத்தை அழிக்கிறது. வீட்டுக்கு ஒருவர் பட்டாளத்துக்குப் போகும் கம்மவான்பேட்டையைப் பார்த்து வளர்ந்த எனக்கு இவை அன்னியமாகவே இருக்கின்றன. இவற்றுக்கும் நமக்கும் என்ன தொடர்பு?

க., கணியம்பாடி

அன்புள்ள க.,

நீங்கள் படித்தவை உடலோடு நின்றுவிட்ட கதைகள் என்று நினைக்கிறேன். கை இரும்பாகிறது, கண் கேமராவாகிறது, உள்ளே இருப்பவன் யார் என்ற கேள்வியோடு கதை முடிகிறது. தான் யாரென்பது ஒருவனுக்குள் மட்டுமே இருக்கும் பொருள் என்ற எண்ணம் அவற்றின் அடியில் இருக்கிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை. பட்டாளத்துக்குப் போனவரின் பெயர் அவரை உரிமையோடு கூப்பிடுகிறவர்களிடம்தான் இருக்கிறது.

நம் வேலூர்க் கோட்டையையே எடுத்துக்கொள்ளுங்கள். 1806 ஜூலை 10 அன்று விடியுமுன் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்ததற்குக் காரணங்கள் பல. அவற்றில் ஒன்று, தோல் பட்டை வைத்த புதிய தலைப்பாகையும், நெற்றிக்குறியும் கடுக்கனும் கூடாது, தாடியை மழிக்க வேண்டும் என்ற உத்தரவுகளும். மதம் மாற்றும் ஏற்பாடு இது என்று அவர்கள் அஞ்சினார்கள். விடுப்பில் ஊருக்குப் போகும்போது சொந்த பந்தம் தன்னை எதை வைத்து அடையாளம் காணுமோ, அதையெல்லாம் களைந்துவிடச் சொன்ன உத்தரவாகவே நான் அதைப் படிக்கிறேன். கிளர்ச்சியில் ஈடுபட்ட மூன்று பட்டாலியன்களும் பிறகு கலைக்கப்பட்டன. (கடைவீதி மணிக்கூண்டின் கல்வெட்டையும் ஒருமுறை நின்று படியுங்கள். முதல் உலகப் போருக்கு இங்கிருந்து 277 பேர் போனார்கள், 14 பேர் உயிர் நீத்தார்கள் என்று எண்ணிக்கையைத்தான் அது சொல்கிறது.)

வியட்நாம் போரில் காயம்பட்டுத் திரும்பிய ஜோ ஹால்டிமன் 1974இல் வெளியிட்ட ‘தி ஃபாரெவர் வார்’ நாவலை நான் உயர்வாக மதிப்பது இதனால்தான். அதிலும் இயந்திரக் கவசம் உண்டு. மனவசியத்தால் முன்கூட்டியே விதைத்த பொய் நினைவுகளை ஒரு சொற்றொடரால் கிளப்பிவிட, அவை பொய் என்று தெரிந்தே வீரர்கள் எதிரிகளைக் கொன்று குவிக்கும் காட்சியும் உண்டு. ஆனால் மாண்டெல்லா என்ற அந்தச் சிப்பாயை உண்மையில் அழிப்பது காலம். ஒளியின் வேகத்தை நெருங்கிப் பயணம் செய்பவருக்குக் காலம் மெதுவாக நகரும் என்பது சார்பியல் கொள்கை. அவனுக்குச் சில ஆண்டுகள் கழிவதற்குள் பூமியில் நூற்றாண்டுகள் ஓடிவிடுகின்றன, மொழியும் வழக்கமும் மாறிவிடுகின்றன, அவனை அறிந்தவர் எவருமில்லை. நாவலின் முடிவைச் சொல்லாமல் இதை விளக்க முடியாது: அவன் நேசித்த மேரிகே, அவனோடு வயது ஒத்திருப்பதற்காகவே ஒரு விண்கலத்தில் அதே வேகத்தில் போய்வந்தபடி அவனுக்காகக் காத்திருக்கிறாள். ஆளை அழித்த அதே தொழில்நுட்பத்தைக் கொண்டு, அவனை அறிந்த ஒரே ஒருத்தி தன்னை அவனுக்காக வைத்துக்கொள்கிறாள்.

இதைப் படித்தபோது என் பெரியப்பா நினைவுக்கு வந்தார். அவருடைய கறுப்பு டிரங்குப் பெட்டியின் மூடியில் வெள்ளை பெயின்ட்டில் முதலில் நம்பர், அடுத்து ரேங்க், கடைசியில் பெயர் எழுதியிருக்கும். பென்ஷன் வாங்கப் போனால், பெயரைக் கேட்டாலும் அந்த வரிசையில்தான் சொல்வார். அவர் பட்டாளத்தில் இருந்த காலத்தில் தெருவில் இரண்டு தலைமுறை மாறியிருந்தது. பிள்ளைகளுக்கு அவர் வெறும் மில்ட்ரிக்காரர். எதிர்வீட்டுப் பாட்டி மட்டும் ‘டேய் சின்னத்தம்பி’ என்று கூப்பிடுவாள். எழுபது வயதுக்காரர் சைக்கிளை நிறுத்தி இறங்கி, ‘என்ன அத்தே’ என்று அருகில் போய் நிற்பார்.

ஹால்டிமன் நாவல் உங்களுக்குக் கிடைக்காவிட்டால் எழுதுங்கள். என் பிரதியை அனுப்பி வைக்கிறேன்.